தினம் ஒண்ணு

பிப்ரவரி 6

என் வாலுக்கு,

அக்கா எழுதுகிறேன். நானும் குட்டியும் உன் அத்தானும் நன்றாக இருக்கிறோம். உன் தொண்டை எப்படி இருக்கிறது? ஐஸ் தண்ணீர் குடிக்கிறாயா? குடிப்பாய் என்று தெரியும், சும்மா கேட்டு வைக்கிறேன்.

இந்தக் காலத்தில் கடிதமா என்று சிரிக்காதே. போனில் யாரிடம் எத்தனை நிமிடம் பேசினேன் என்று உன் அத்தான் சாயங்காலம் எடுத்துப் பார்ப்பார். கோபமெல்லாம் கிடையாது. "பன்னெண்டு நிமிஷம் அப்படி என்ன பேசினே?" என்று சிரித்துக்கொண்டே கேட்பார். பன்னிரண்டு நிமிடம் பேசியதை ஒப்பிக்க எனக்கு இருபது நிமிடம் ஆகிறது. கடிதம் என்று ஒன்று உலகத்தில் இருப்பதே அவருக்கு மறந்திருக்கும். அதனால் உறையில் உள்ள தொழிற்சாலை முகவரிக்கே எழுது. எங்கள் சூப்பர்வைசர் அம்மா வாங்கி வைத்துக் கொடுப்பார். வாயைத் திறந்தால் காது கிழியும், மற்றபடி தங்கமான மனுஷி.

வேலை அதேதான். தைத்து வரும் சட்டைகளில் பிசிறு வெட்டி, தையல் பார்த்து, மடித்துப் பெட்டியில் அடுக்க வேண்டும். நாளைக்கு நானூறு சட்டை. வாங்குகிறவர்கள் முதல் வேலையாக என் மடிப்பைத்தான் கலைக்கிறார்கள்.

குட்டியின் பள்ளியில் நாடகம் போடுகிறார்களாம். கேட்டதும் நம் நாடகம் ஞாபகம் வந்தது. சாபத்தில் கல்லான பெண்ணாக நான் சாம்பல் நிறப் போர்வைக்குள் குந்தியிருந்தேன். ராஜகுமாரன் காய்ச்சலில் படுத்துவிட்டதால் உனக்குக் கிரீடம் கட்டி அனுப்பினார்கள். நீ பயந்துபோய்த் திரைக்குப் பின்னாலேயே நின்றுவிட்டாய். எனக்குக் கால் மரத்துப்போய், யார் காலும் படாமலே எழுந்து நின்றேன். சபையே சிரித்தது. டீச்சர் என் காதைத் திருகினார். நேற்று சட்டை மடிக்கும்போது அதை நினைத்துத் தனியாகச் சிரித்தேன்.

உடம்பைப் பார்த்துக்கொள்.
உன் அக்கா

பிப்ரவரி 19

அக்காவுக்கு,

நான் நலம். ஐஸ் தண்ணீரை விட்டு மூன்று நாள் ஆகிறது. உனக்கு அந்தத் தோள்பட்டை வலி தேவலையா?

உன் கடிதத்தை எங்கள் பாட்டுக் குழுவில் எல்லாருக்கும் படித்துக் காட்டினேன். கோபித்துக்கொள்ளாதே, நாடகக் கதையை மட்டும்தான். கிடார்காரர் விழுந்து விழுந்து சிரித்தார். சிரித்து முடித்ததும், "இதுதான் பாட்டு, எழுது" என்றார். எழுதிவிட்டேன் அக்கா. காலுக்குக் காத்திருக்காமல் தானே எழுந்துகொள்கிற கல்.

கால் வரும் காத்திருன்னு சொன்னாங்க
கல்லுக்கென்ன அவசரம்னு கேட்டாங்க

மெட்டு துள்ளலாக இருக்கிறது. ஆனால் இரண்டாவது சரணம் வரமாட்டேன் என்கிறது. எழுந்துகொள்கிறாள், சரி, எப்படிப் போகிறாள்? மேளம் கொட்டி, கதவை உடைத்து என்று எழுதினால் எனக்கே பொய்யாகப் படுகிறது. பதினோரு பாட்டு பாடியும் என் குரல் யாருக்கும் தெரியவில்லை. இதுவும் போனால் பாட்டு வெளியிடுகிற கம்பெனி கைகழுவிவிடும்.

அத்தான் இன்னும் அப்படியேவா? நீ சிரிப்பாக எழுதினாய், எனக்குச் சிரிப்பு வரவில்லை. அதைப் பற்றி எழுது.

வாலு

மார்ச் 5

என் வாலுக்கு,

சுகம்தான். தோள்பட்டை வலி வேலை செய்யும்போது தெரிவதில்லை.

கேட்டுவிட்டாய், சொல்கிறேன். யாரிடமும் மூச்சு விடாதே.

நான் போகப் போகிறேன். செப்டம்பரில் குட்டிக்கு உதவித்தொகைப் பரீட்சை முடிகிறது. அன்றைக்கே அவளைக் கூட்டிக்கொண்டு புறப்படுகிறேன். முன்பு என்னோடு வேலை பார்த்த கட்டிங் மாஸ்டர் அக்கா வேறு ஊரில் சின்னதாக ஒரு தையல் கூடம் நடத்துகிறார். எனக்கு வேலை உண்டு, மாடியில் அறை உண்டு. உன் அத்தான் என்னை ஒருநாளும் கைநீட்டி அடித்ததில்லை. அதனாலேயே யாரிடம் சொன்னாலும், "அப்புறம் என்னதான் குறை?" என்பார்கள். பதினாறு வருஷமாக ஒவ்வொரு நாளையும் ஒப்பித்துக்கொண்டிருக்கிறேன் என்பதை எப்படிச் சொல்வது? எனக்கென்று ஒரு நினைப்பு கூட மிச்சமில்லை.

கையில் பெட்டியோடு அந்த வாசலைத் தாண்ட முடியாது. அதனால் தினம் ஒரு துணி. அவர் கண் பையில் இருக்கிற நாட்களில் அதுவும் இல்லை. சாப்பாட்டுப் பைக்கு அடியில் தட்டையாக மடித்து வைத்து எடுத்து வருகிறேன். இங்கே தொழிற்சாலையில் வெளியே போகும்போதுதான் பையைக் கொட்டிச் சோதிப்பார்கள். உள்ளே வரும்போது எவரும் பார்ப்பதில்லை. உடை மாற்றும் அறையில் என் லாக்கரில் பதினொன்று சேர்ந்திருக்கிறது. குட்டியுடையது நாலு, என்னுடையது ஏழு.

அலமாரி காலியாவது தெரியாதா என்பாய். அதற்குத்தானே இத்தனை வருஷம் மடித்தேன்! பத்தில் மூன்றை எடுத்தால் மிச்சமுள்ள ஏழையும் கொஞ்சம் காற்று விட்டு, உப்பலாக மடித்து வைக்கிறேன். அடுக்கின் உயரம் ஒரு விரல்கூடக் குறையாது. அலமாரியைத் திறந்து பார்த்தால் எல்லாம் இருந்த மாதிரியே இருக்கும்.

இதை எழுதி முடித்ததும் நெஞ்சு லேசாகிவிட்டது. உன்னிடம் சொல்ல வேண்டும் என்றுதான் இருந்தேன் போலிருக்கிறது.

அக்கா

மார்ச் 18

அக்காவுக்கு,

நலம். உன் கடிதத்தை எத்தனை முறை படித்தேன் என்று எனக்கே தெரியாது. ஒவ்வொரு முறையும் அழுகை வந்தது. பெருமையில் வந்த அழுகைதான். செப்டம்பர் வரை மூச்சைப் பிடித்துக்கொண்டிருப்பேன்.

இப்போது ஒன்று கேட்கிறேன், திட்டாதே. அன்று சாயங்காலமே இரண்டாவது சரணம் தானாக வந்து உட்கார்ந்துவிட்டது.

சோத்துப் பைக்கு அடியில ஒரு சேலை
அடுக்கு மட்டும் குறையாம மடிச்ச வேலை
தினம் ஒண்ணு தினம் ஒண்ணு
கல்லு வீட்டைக் காலி பண்ணுது

இது இல்லாமல் அந்தப் பாட்டு இல்லை அக்கா. இது புராணத்துக் கல்லைப் பற்றிய பாட்டு. உன்னைப் பற்றி என்று யாருக்குத் தெரியப்போகிறது? ஏப்ரல் 12 ஒலிப்பதிவு. பாட்டு வெளிவர எப்படியும் வருஷக் கடைசி ஆகிவிடும். அதற்குள் நீ அந்த மாடி அறையில் கால் நீட்டி உட்கார்ந்து கேட்பாய். சரி என்று ஒரு வார்த்தை எழுது.

வாலு

ஏப்ரல் 22

என் வாலுக்கு,

நாங்கள் சுகம். நீயும் அப்படியே இருக்க வேண்டும்.

உன் கடிதம் இன்றைக்குத்தான் என் கைக்கு வந்தது. புது இயந்திரங்கள் பூட்டுகிறார்கள் என்று தொழிற்சாலையை ஒரு மாதம் மூடிவிட்டார்கள். வாட்ச்மேன் மேசை இழுப்பறையில் அது கிடந்திருக்கிறது.

பாட்டு மிகவும் அழகாக இருக்கிறது. படிக்கும்போதே எனக்குக் கால் ஆடியது. ஆனால் அந்தச் சரணம் மட்டும் வேண்டாம். வேறு எதை வேண்டுமானாலும் எடுத்துக்கொள். போர்வையை எடுத்துக்கொள், டீச்சர் திருகிய காதை எடுத்துக்கொள். அது மட்டும் வேண்டாம். ஒலிப்பதிவு தள்ளிப்போயிருக்கும் என்று நம்புகிறேன். உங்கள் தொழிலில் எதுதான் சொன்ன தேதியில் நடந்தது?

லாக்கரில் பதினாறு. விடுமுறையில் நின்றுபோனதை இனிமேல்தான் பிடிக்க வேண்டும்.

அக்கா

மே 3

அக்காவுக்கு,

நலம். உங்கள் மூவரின் நலமும் அறிய ஆவல். நீ எழுதியதைப் படித்தேன். கவலைப்படாதே.

இங்கே சரியான வெயில். குட்டிக்கு ஒரு பேனா செட் வாங்கி வைத்திருக்கிறேன், செப்டம்பரில் நேரிலேயே கொடுக்கிறேன். அடுத்த வாரம் வெளியூர் நிகழ்ச்சிகள். எழுதத் தாமதமானால் கோபிக்காதே.

வாலு

ஜூலை 1

என் வாலுக்கு,

அனைவரும் சுகம்.

போன திங்கட்கிழமை சாப்பாட்டு நேரத்தில் பொத்தான் தைக்கிற பெண் போனில் ஒரு பாட்டைப் போட்டாள். உன் குரல் என்று முதல் வரியிலேயே தெரிந்துவிட்டது. சந்தோஷத்தில் எழுந்து நின்று, "என் தங்கச்சிடீ!" என்று கத்தினேன். இரண்டாவது சரணம் வரும்வரை நின்றுகொண்டிருந்தேன். அப்புறம் உட்கார்ந்துவிட்டேன்.

இப்போது எல்லாப் பெண்களும் இதைத்தான் பாடுகிறார்கள். ஒரு வரிசையில் "தினம் ஒண்ணு" என்றால் அடுத்த வரிசை "காலி பண்ணுது" என்கிறது. சூப்பர்வைசர் அம்மா கூட அதட்டுவதில்லை. பாடும்போது அவர்கள் முகத்தைப் பார்க்க வேண்டுமே, ஏதோ விடுதலை ஆனவர்கள் மாதிரி இருக்கிறது. அதை உனக்குச் சொல்லத்தான் வேண்டும்.

உன் அத்தானுக்கும் பிடித்திருக்கிறது. "உன் தங்கச்சி இவ்வளவு பெரிய ஆளாவான்னு நான் நினைக்கவே இல்ல" என்கிறார். வண்டி ஓட்டும்போது முணுமுணுக்கிறார். சட்டைக்குப் பொத்தான் போடும்போதும் முணுமுணுக்கிறார். இன்னும் வார்த்தைகளை அவர் கவனிக்கவில்லை. மெட்டைத்தான் பாடுகிறார்.

லாக்கரில் இருபத்தாறு இருக்கிறது. இப்போதைக்கு நிறுத்தி வைத்திருக்கிறேன்.

அக்கா

ஜூலை 9

அக்காவுக்கு,

நலம் விசாரிக்கிற யோக்கியதை எனக்கு இல்லை. ஆனாலும் எப்படி இருக்கிறாய்?

நீ "வேண்டாம்" என்று எழுதுவதற்குப் பத்து நாள் முன்பே ஒலிப்பதிவு முடிந்துவிட்டது. அது உண்மை. ஆனால் முழு உண்மை அதுவல்ல. நீ எழுதிய பிறகும் அந்த நாலு வரியை மாற்றிப் பாடியிருக்கலாம். அரை மணி நேர வேலை. கிடார்காரர் கூட, "மாத்தணும்னா இப்பவே சொல்லு" என்றார். நான் சொல்லவில்லை. அந்த நாலு வரியில்தான் பாட்டே நிற்கிறது என்று எனக்குத் தெரியும். வருஷக் கடைசிக்குள் நீ போய்விடுவாய் என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன். கம்பெனி தேதியை முன்னால் கொண்டுவந்தபோதும் நான் வாயைத் திறக்கவில்லை. அப்புறம் உனக்குக் "கவலைப்படாதே" என்று எழுதினேன்.

செப்டம்பர் வேண்டாம். இப்போதே புறப்படு. குட்டியின் பரீட்சையை அடுத்த வருஷம் எழுதலாம். நீ ஒரு நாளைச் சொன்னால் தொழிற்சாலை வாசலில் வண்டியோடு நிற்கிறேன்.

என்னை மன்னித்துவிடு. பதில் எழுது அக்கா. நாலு திட்டாவது திட்டி எழுது.

வாலு

ஆகஸ்ட் 14

அன்புள்ள தங்கைக்கு,

இங்கு யாவரும் நலம். உன் நலமும், உன் குழுவினர் நலமும் அறிய விரும்புகிறோம்.

நான் வேலையை விட்டுவிட்டேன். தோள்பட்டைக்கு ஓய்வு தேவைப்படுகிறது. வீட்டில் இருப்பது நன்றாகவே இருக்கிறது. உன் அத்தான் உன்னை மிகவும் விசாரித்ததாக எழுதச் சொன்னார். உன் பாட்டின் வெற்றிக்கு எங்கள் இருவரின் வாழ்த்துகள். இனிமேல் நீ வீட்டு முகவரிக்கே எழுதலாம். கடிதம் எழுதுவது நல்ல பழக்கம் என்று அவர் சொல்கிறார்.

இப்படிக்கு,
உன் அக்காவும் அத்தானும்

ஆகஸ்ட் 27

பாடுகிற பெண்ணுக்கு,

நான் உன் அக்கா வேலை பார்த்த லைனின் சூப்பர்வைசர். வணக்கம் எல்லாம் இருக்கட்டும். உன் ஜூலை மாதக் கடிதம் பிரிக்காமல் என்னிடமே இருக்கிறது. அது வந்த நாள் முதல் அவள் வேலைக்கு வரவில்லை. என்ன நடந்தது என்று உனக்குத் தெரிய வேண்டும், அதனால் எழுதுகிறேன். அவள் ஒருமுறை சம்பளக் கணக்கை முடிக்க வந்தாள். புருஷன் வாசலில் நிற்க, கழிப்பறைக்குள் வைத்து என்னிடம் ஐந்து நிமிடம் பேசினாள். அதில் தெரிந்ததுதான் இது.

அந்த ஆள் ஒரு காலை உன் பாட்டைப் பாடிக்கொண்டே சட்டை எடுக்க அலமாரியைத் திறந்திருக்கிறார். பாடிக்கொண்டே வந்தவர் நடுவில் நிறுத்தியிருக்கிறார். அவளுடைய அடுக்கின் மேல் உள்ளங்கையை வைத்து அமுக்கிப் பார்த்திருக்கிறார். அது அப்படியே அமுங்கியிருக்கிறது. சத்தம் போடவில்லையாம், கை ஓங்கவில்லையாம். "பாட்டு நல்லாதான் எழுதியிருக்கா உன் தங்கச்சி" என்று மட்டும் சொல்லிவிட்டு, அலமாரிச் சாவியை எடுத்துத் தன் பையில் போட்டுக்கொண்டாராம்.

மறுநாள் இங்கே வந்து லாக்கரில் உள்ளதைக் கேட்டார். லாக்கரே அவளுக்குக் கொடுக்கவில்லை என்று சொல்லிவிட்டேன். இந்த வாசலை விட்டு ஒரு கைக்குட்டை வெளியே போனாலும் நான் சீட்டு எழுத வேண்டும். எழுத மாட்டேன். இருபத்தாறும் பத்திரமாக இருக்கின்றன, சாவி என் இடுப்பில்.

உன் பாட்டை எங்கள் பெண்கள் இன்னும் பாடுகிறார்கள். நான் இப்போது அதட்டுகிறேன். ஏன் என்று கேட்கிறார்கள், சொல்ல முடியவில்லை. உன்மேல் எனக்குக் கோபம் இல்லை என்று எழுத மாட்டேன். இருக்கிறது.

சூப்பர்வைசர்

அக்டோபர் 17

என் வாலுக்கு,

எப்படி இருக்கிறாய்? போன மாதம் நீ வீட்டுக்கு வந்தபோது ரொம்ப இளைத்திருந்தாய். கேட்க முடியவில்லை. உன் அத்தான் காபி கொடுத்துவிட்டு நம் இருவருக்கும் நடுவில் அல்லவா உட்கார்ந்துகொண்டார்! நீயும் அவரும் வெயிலைப் பற்றியே ஒரு மணி நேரம் பேசினீர்கள். கிளம்பும்போது கட்டிக்கொள்கிற சாக்கில் என் காதோடு, உன் ஜூலைக் கடிதத்தை சூப்பர்வைசர் அம்மாவிடம் கேட்டு வாங்கிக்கொள்ளச் சொன்னாய். வாங்கிப் படித்தேன்.

இது குட்டியின் நோட்டில் கிழித்த தாள். பள்ளி ஆண்டுவிழாவுக்கு வந்திருக்கிறோம். அவர் வண்டி நிறுத்த இடம் தேடிப் போயிருக்கிறார். சூப்பர்வைசர் அம்மாவின் தங்கை இங்கேதான் டீச்சர். உன் கடிதத்தை எனக்குக் கொண்டுவந்து கொடுத்ததும் அவர்தான். இதையும் அவர் கையில் கொடுத்தனுப்புகிறேன்.

குட்டி இன்றைக்கு மேடையில் ஆடப்போவது உன் பாட்டுக்குத்தான். ஒத்திகைக்கு வந்தபோதே உன் அத்தான் முதல் வரிசையில் உட்கார்ந்து கைதட்டினார். வீட்டுக்கு வந்ததும் குட்டி, "அந்தப் பாட்டுல வர்றது நீதானேம்மா?" என்று கேட்டாள். இல்லை, அது கல் என்றேன்.

நீ மன்னிப்புக் கேட்டிருக்கிறாய். மன்னிக்காமல் என்ன செய்வேன்? நீ என் கையில் வளர்ந்தவள். பாடுவதையே விட்டுவிடப் போகிறேன் என்று சொன்னாயாம் சூப்பர்வைசர் அம்மாவிடம். பைத்தியம் மாதிரிப் பேசாதே. பாடு. அந்த நாலு வரியை மட்டும் மாற்று. எனக்காக இல்லை, என் கதை முடிந்துவிட்டது. இதே மாதிரி இன்னும் எத்தனை பேர் சாப்பாட்டுப் பைக்கு அடியில் வைத்துத் தினம் ஒன்றாகக் கொண்டுபோகிறார்களோ, உனக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது. வெறுங்கையோடு போனாள் என்று பாடு. எல்லா வீட்டிலும் அதையே நம்பட்டும்.

நான் வேறு வழி யோசிக்காமல் இருக்க மாட்டேன். ஆனால் யோசித்தாலும் உனக்கு எழுத மாட்டேன் வாலு. கோபத்தில் சொல்லவில்லை.

அவர் வருகிறார். தொண்டையைப் பார்த்துக்கொள்.

அக்கா

நவம்பர் 23

அக்காவுக்கு,

நான் நலமாக இருக்கிறேன். நீ எப்படி இருக்கிறாய் என்று கேட்கிறேன், பதில் எழுத வேண்டாம். இதை சூப்பர்வைசர் அம்மாவின் தங்கைக்கு அனுப்புகிறேன். அவர் எப்போது முடியுமோ அப்போது கொடுப்பார்.

நீ சொன்னபடி மாற்றி எழுதினேன்.

மூட்டை இல்ல முடிச்சு இல்ல வெறுங்கையோட
கல்லு எழுந்து போகுது பார் காத்தோட

நேற்று சாயங்காலம் திறந்தவெளி மைதானத்தில் நிகழ்ச்சி. பார்த்த இடமெல்லாம் பெண்கள். முதல் சரணம் முடிந்தது. நான் கண்ணை மூடிக்கொண்டு, "மூட்டை இல்ல முடிச்சு இல்ல" என்று எடுத்தேன். என் குரல் எனக்கே கேட்கவில்லை அக்கா. மைதானம் முழுக்க, "சோத்துப் பைக்கு அடியில ஒரு சேலை" என்று பாடிக்கொண்டிருந்தது. நான் தப்பாகப் பாடுகிறேன் என்று நினைத்து, எனக்கு எடுத்துக் கொடுக்கிற மாதிரி இன்னும் சத்தமாகப் பாடினார்கள். கையைத் தூக்கி நிறுத்தச் சொன்னேன். உற்சாகப்படுத்துகிறேன் என்று நினைத்துக்கொண்டார்கள். அப்புறம் மைக்கை இறக்கிவிட்டு நின்றுவிட்டேன். அவர்களே முழுதும் பாடி முடித்தார்கள்.

அன்றைக்கு நாடகத்தில் நான் திரைக்குப் பின்னாலேயே நின்றேன், நீ பாட்டுக்கு எழுந்தாய். இந்தத் தடவையும் நான் வராமல் இருந்திருக்க வேண்டும்.

இன்னொன்றும் பார்த்தேன். அதை உன்னிடம் தவிர வேறு யாரிடமும் சொல்ல முடியாது. முன்வரிசையில் ஒருவர் மனைவியோடு வந்திருந்தார். நல்ல மனிதராகத்தான் தெரிந்தார், கூடவே பாடிக்கொண்டிருந்தார். "தினம் ஒண்ணு" வந்தபோது மனைவியின் மடியில் இருந்த பையைச் சிரித்துக்கொண்டே அமுக்கிப் பார்த்தார். அந்த அம்மாவும் சிரித்தார். கொஞ்ச நேரம் கழித்துத்தான் சிரித்தார்.

வாலு